வீட்டுக்குக் கேப்சூல் எஸ்பிரெஸோ மெஷின்: டிகாக்ஷன் குடித்துப் பழகிய நாக்குக்கு எது ஒத்துவரும்?

காவிரிக்கரை (சிங்கப்பூர்):

எல்லோருக்கும் வணக்கம். மூன்று வாரமாகக் கடை கடையாக ஏறி இறங்கியாகிவிட்டது, இன்னும் முடிவுக்கு வரமுடியவில்லை. வீட்டில் வைத்திருப்பவர்கள் கொஞ்சம் வழி சொல்லுங்கள்.

வீட்டில் நானும் கணவரும். மூவறை வீவக (அரசு அடுக்குமாடி) வீடு. சமையலறை மேடையில் குக்கரும் மிக்சியும் போக ஒரு முழம் இடம்கூட மிச்சமில்லை. சொந்த ஊர் கும்பகோணம் பக்கம், அதனால் இதுவரை எவர்சில்வர் ஃபில்டர்தான். நான் காலை 6.10க்கு வீட்டைவிட்டுக் கிளம்பவேண்டும். இரவே பொடி போட்டு வெந்நீர் ஊற்றி வைத்தால் காலையில் டிகாக்ஷன் ஆறிக் கிடக்கிறது. சூடுபண்ணினால் மணம் போய்க் கசப்பு மட்டும் நிற்கிறது. காலையில் போட்டால் அது இறங்குவதற்குள் பேருந்து போய்விடுகிறது.

கணவர் அலுவலகத்தில் கேப்சூல் காப்பி குடித்துப் பழகியவர், பால் இல்லாத எஸ்பிரெஸோதான் கேட்கிறார். எனக்குப் பால் வேண்டும். அடுத்த மாதம் மாமனார் ஊரிலிருந்து வந்து ஆறு மாதம் தங்கப் போகிறார். அவருக்குக் காப்பி என்றால் டபராவைத் தொட்டால் விரல் சுட வேண்டும். ஆக, ஒரு நாளைக்கு நான்கு தம்ளர் கணக்கு.

பார்த்து வைத்திருப்பவை மூன்று. நெஸ்பிரெஸோ ஒரிஜினல் வகையில் எசென்ஸா மினி, அதே நெஸ்பிரெஸோவின் வெர்ச்சுவோ வகையில் சின்னதாக ஒன்று, டோல்சே குஸ்டோ ஒன்று. "இது 19 பார், அது 15 பார், அதனால இதுதான் ஸ்ட்ராங்கா வரும்" என்று கடையில் ஒரு தம்பி சொன்னான். அது சரிதானா? பால் நுரைக்கும் கருவி சேர்ந்த செட்டாக வாங்கலாமா, வேண்டாமா? கேப்சூல் செலவு போகப் போகக் கையைக் கடிக்குமா? தெரிந்ததைச் சொல்லுங்கள்.

———

தாமிரபரணி_79 (ஷார்ஜா):

நானும் இதே கேள்வியோடுதான் சுற்றிக்கொண்டிருக்கிறேன். பின்தொடர்கிறேன்.

———

லெமான்_ஏரி (லவுசான், சுவிட்சர்லாந்து):

வணக்கம் தங்கச்சி. நான் லவுசானில இருவது வருசத்துக்கு மேல இருக்கிறன். இஞ்ச ஆற்ற வீட்டுக் குசினிக்க போனாலும் கேப்சூல் மெசின் ஒண்டு இருக்கும். எங்கட வீட்டில இப்ப ஓடுறது மூண்டாவது மெசின். அந்த அனுபவத்தில சொல்லுறன்.

நீங்கள் மெசினைப் பற்றி யோசிக்கிறியள். முதல்ல கேப்சூலைப் பற்றி யோசியுங்கோ. மெசின் ஒருக்காத்தான் காசு கேக்கும், கேப்சூல் ஒவ்வொரு நாளும் கேக்கும். அதோட, ஒரு வகைக்குள்ள காலை வைச்சால் மற்ற வகைக் கேப்சூல் அதுக்குள்ள போகாது. ஒரிஜினல் கேப்சூல் வெர்ச்சுவோவில போகாது, வெர்ச்சுவோவின்ர ஒரிஜினல்ல போகாது, டோல்சே குஸ்டோ ரெண்டுக்கும் சேராது. லவாட்ஸா, இல்லி எல்லாரும் தங்கட தங்கட மெசினுக்கு வேற வடிவம் வைச்சிருக்கினம்.

உதுக்குப் பின்னால ஒரு கதை இருக்கு. நெஸ்லேயில வேலை செய்த எரிக் ஃபாவ்ர் எண்ட பொறியியலாளர் 1976ல இந்தக் கேப்சூல் முறைக்குக் காப்புரிமை எடுத்தவர். 1986லதான் அது நெஸ்பிரெஸோ எண்டு கடைக்கு வந்தது. கன வருசம் வேற ஒருத்தரும் அந்தக் கேப்சூல் செய்ய ஏலாது. 2010ல இஞ்ச டென்னர் எண்ட மலிவுக் கடைச் சங்கிலி தங்கட கேப்சூலை விக்கத் தொடங்க, வழக்கு மேல வழக்கு. 2012 அளவில முக்கியமான காப்புரிமையள் முடிஞ்சு போச்சு. அதுக்குப் பிறகு சுப்பர்மார்க்கெட் எல்லாம் ஒரிஜினல் வடிவத்தில தங்கட கேப்சூல் வைச்சிருக்கு, விலையும் இறங்கினது.

ஆனபடியால் என்ர சொல்லு: ஒரிஜினல் வடிவத்தை எடுங்கோ. ஒரு கொம்பனியின்ர கோப்பி பிடிக்காட்டி அடுத்த கொம்பனியின்ர வாங்கலாம். வெர்ச்சுவோவில கேப்சூல் விளிம்பில பார்கோட் இருக்கு. அதைப் படிச்சுத்தான் எவ்வளவு தண்ணி, எவ்வளவு வேகம் எண்டு மெசின் தானாத் தீர்மானிக்கும். வசதிதான், ஆனால் தெரிவு குறைவு.

———

பம்பு_மெக்கானிக் (அம்பத்தூர், சென்னை):

காப்பி மெஷின் ரிப்பேர்தான் என் தொழில். அந்த 19 பார் விஷயத்துக்கு மட்டும் முதலில் பதில் சொல்கிறேன், ஏனென்றால் இதைக் கேட்டு ஏமாறாத ஆளே கிடையாது.

உள்ளே இருப்பது உள்ளங்கை அகலத்துக்கு ஒரு அதிர்வுப் பம்பு. காந்தச் சுருளுக்குள் ஒரு பிஸ்டன் முன்னும் பின்னும் ஓடும். அந்தக் கர்ர்ர் சத்தம் அதனுடையதுதான். அந்தப் பம்பு அதிகபட்சமாக எவ்வளவு அழுத்தம் கொடுக்கமுடியும் என்பதுதான் 15, 19 என்ற எண். காப்பித்தூளின் மேல் அவ்வளவும் விழுவதில்லை. இத்தாலியில் எஸ்பிரெஸோவுக்கு வைத்திருக்கும் அளவுகோலே 9 பார்தான்: 7 கிராம் தூள், 25 விநாடி, கோப்பையில் 25 மி.லி. எல்லாம் கொஞ்சம் முன்னே பின்னே. மோட்டார் சைக்கிள் மீட்டரில் 160 வரை போட்டிருப்பதைப் பார்த்து யாராவது வண்டி வாங்குவார்களா? அந்த எண்ணை மறந்துவிடுங்கள்.

ஸ்ட்ராங்காக வருமா என்பதை முடிவு செய்வது இரண்டே விஷயம். கேப்சூலுக்குள் எத்தனை கிராம் தூள் இருக்கிறது, அதன் வழியாக எவ்வளவு தண்ணீர் விடுகிறீர்கள். ஒரிஜினல் வகைக் கேப்சூலில் 5, 6 கிராம்தான் இருக்கும். மெஷின் முன்பக்கம் மூன்று ஊசியால் குத்தி வெந்நீரை உள்ளே ஏற்றும். பின்பக்கத் தகடு அழுத்தத்தில் உப்பி, எதிரே இருக்கும் கூம்புக் கூம்பான பலகையில் பட்டுக் கிழியும். அந்தக் கிழிசல் வழியாகத்தான் காப்பி வடியும். அவ்வளவுதான் அதன் ரகசியம். 40 மி.லி.யில் நிறுத்தினால் எஸ்பிரெஸோ, 25ல் நிறுத்தினால் ரிஸ்ட்ரெட்டோ, 110 வரை விட்டால் லுங்கோ. அதே 5 கிராமில் 110 மி.லி. எடுத்துப் பாலும் ஊற்றினால் கழுவின தண்ணீர் மாதிரிதான் இருக்கும். "மெஷின் சரியில்லை" என்று என்னிடம் கொண்டுவருகிறவர்களில் பல பேருக்கு நான் செய்வது ஒன்றே ஒன்றுதான், பட்டனில் அளவைக் குறைத்து வைத்துக் கொடுப்பேன்.

அந்த அளவை நீங்களே மாற்றலாம். பெரும்பாலான சின்ன மெஷின்களில் காப்பி இறங்கும்போது பட்டனை அழுத்திப் பிடித்தபடி இருந்து, வேண்டிய அளவு வந்ததும் விட்டால், அடுத்த முறையிலிருந்து அதே அளவில் நிற்கும்.

———

வடக்குக்குளிர் (டொரன்டோ):

நான் வெர்ச்சுவோ வைத்திருக்கிறேன், அதன் பக்க நியாயத்தையும் சொல்லிவிடுகிறேன். 2014ல் அமெரிக்காவிலும் கனடாவிலும்தான் அதை முதலில் இறக்கினார்கள். காரணம், இங்கே ஜனங்கள் குடிப்பது பெரிய மக் காப்பி. கேப்சூலை நிமிடத்துக்கு 7000 சுற்று வரை சுழற்றி, துணி பிழிகிற மாதிரி காப்பியைப் பிழிகிறது. ஒரே மெஷினில் 40 மி.லி.யும் வரும், 230 மி.லி. மக்கும் வரும். மேலே நுரை விரல் உயரத்துக்கு நிற்கும். பனிக்காலத்தில் அலுவலகம் போகும் வழியில் காரில் வைத்துக் குடிக்க எனக்கு அது ரொம்பப் பிடிக்கும்.

ஆனால் காவிரிக்கரை அக்கா, உங்களுக்கு அது வேண்டாம். பெரிய கேப்சூலில் வருவது தண்ணீர்க் காப்பி. அதில் பாலைச் சேர்த்தால் நம் ஊர்ச் சுவை வராது. நாங்கள் திருநெல்வேலிக்காரர்கள், நானே முயன்று பார்த்துச் சொல்கிறேன்.

இன்னொரு விஷயம், படிக்கிற மற்றவர்களுக்காக. இங்கிருந்து ஒரு மெஷினை அப்பாவுக்கு என்று ஆசையாகத் தூக்கிக்கொண்டு போனேன். கனடாவில் 120 வோல்ட், ஊரில் 230. செருகின மறுநொடி டப்பென்று ஒரு சத்தம், கரிந்த வாடை. அப்பா ஒன்றும் சொல்லவில்லை, "பரவால்லப்பா, ஃபில்டர் இருக்கு" என்றார். எனக்குத்தான் இரண்டு நாள் மனசு ஆறவில்லை. வட அமெரிக்காவிலிருந்து இந்தியாவுக்கோ சிங்கப்பூருக்கோ யாரும் வாங்கிக்கொண்டு போகாதீர்கள்.

———

பம்பு_மெக்கானிக்:

மேலே சொன்னது நூறு சதவீதம் உண்மை. செல்போன் சார்ஜர் எந்த வோல்டுக்கும் ஒத்துக்கொள்ளும், சூடேற்றும் சாமான் ஒத்துக்கொள்ளாது. டிரான்ஸ்ஃபார்மர் வைக்கலாமே என்பார்கள். இந்த மெஷின்கள் 1200, 1300 வாட் இழுக்கும். அதைத் தாங்குகிற டிரான்ஸ்ஃபார்மர் மெஷினைவிடக் கனமாக இருக்கும்.

———

பித்தளை_ஃபில்டர் (மயிலாடுதுறை):

நான் வேறு மாதிரி சொல்லப் போகிறேன், யாரும் கோபித்துக்கொள்ள வேண்டாம். இந்த மெஷினே எதற்கு?

கணக்குப் போட்டுப் பாருங்கள். நாளைக்கு 4 என்றால் வருஷத்துக்கு 1460 கேப்சூல். ஒன்று உங்கள் ஊர்ப் பணத்தில் 80 காசு என்று வைத்துக்கொண்டாலே 1168 வெள்ளி (சிங்கப்பூர் டாலர்). அந்த 80 காசுக்கு உள்ளே இருப்பது ஐந்தரை கிராம் தூள். கிலோவுக்குக் கணக்குப் பார்த்தால் 145 வெள்ளி வருகிறது! நான் எங்கள் ஊர்க் கடையில் கண்ணெதிரே வறுத்து அரைத்து வாங்குகிற பொடி கிலோ 800 ரூபாய். தம்ளருக்கு 10 கிராம் போட்டாலும் வருஷம் முழுக்க நாளைக்கு நான்கு தம்ளர் குடிக்க 12,000 ரூபாய்க்குள் முடிந்துவிடும். நீங்கள் கொடுக்கப் போவது ரூபாயில் எழுபதாயிரத்துக்கு மேல்.

காசை விடுங்கள். அந்தக் கேப்சூலில் தூள் அடைத்து எத்தனை மாதமோ? காப்பியின் உயிரே அரைத்த அன்றைய மணத்தில்தான் இருக்கிறது. ஒரு மணி நேரம் முன்னால் எழுந்து ஃபில்டர் போட்டால் ஆயிற்று. நம் வீட்டுப் பெண்கள் காலங்காலமாகச் செய்ததுதானே?

———

காவிரிக்கரை:

பித்தளை ஃபில்டர் ஐயா, கணக்குக்கு நன்றி. நிஜமாகவே அது என்னைக் கொஞ்சம் உலுக்கிவிட்டது. கடைசி வரிக்கு மட்டும் பதில் சொல்லவேண்டும்.

எங்கள் அம்மா நாற்பது வருஷம் 4.30க்கு எழுந்து எல்லோருக்கும் காப்பி போட்டாள். அவள் காப்பியை ஊரே புகழும். அவள் உட்கார்ந்து சூடாக ஒரு தம்ளர் குடித்து நான் பார்த்ததில்லை. எல்லோருக்கும் கொடுத்து முடித்து, அடியில் தங்கிய டிகாக்ஷனில் மிச்சப் பாலை ஊற்றி நின்றுகொண்டே குடிப்பாள். எனக்கு 6.10க்கு முன்னால் உட்கார்ந்து குடிக்க ஐந்து நிமிஷம் வேண்டும். அதற்காகத்தான் மெஷின். அதற்குச் சில நூறு வெள்ளி அதிகம் என்றால் அதைக் கொடுக்கத் தயாராகவே இருக்கிறேன். ஆனால் 1168 வெள்ளி என்பதை யோசிக்க வேண்டும்தான்.

———

பித்தளை_ஃபில்டர்:

அம்மா, நீங்கள் சொன்னதும் எங்கள் வீட்டு அடுப்படி கண் முன்னால் வந்துவிட்டது. அந்த வரியை நான் எழுதியிருக்கக் கூடாது. மன்னியுங்கள். மெஷின் வாங்குங்கள். காப்பி பற்றிச் சொன்னதில் மட்டும் மாற்றமில்லை.

———

பீபெரி (கோவை):

காப்பிக்கொட்டை வறுத்து அரைத்து விற்கும் கடை எங்களுடையது, அப்பா காலத்திலிருந்து. கேப்சூலில் இருக்கிற தூள் கெட்டுப்போனது என்று சொல்வதை நான் ஏற்கமாட்டேன். அரைத்த பொடிக்கு எதிரி காற்றுதான். அலுமினியக் கேப்சூலை முறையாக மூடினால் காற்று உள்ளே போகாது. நாம் வாங்கிப் பிரித்து, ரப்பர் பேண்ட் போட்டு, பத்து நாள் டப்பாவில் வைத்திருக்கும் பொடியைவிட அது மணமாகவே இருக்கும். அரைத்த அன்றே போடுகிறவர் ஜெயிப்பார். மற்றவர்கள் எல்லோரும் தோற்பார்கள்.

உண்மையான சிக்கல் வேறு. நம் நாக்கு தேடுவது வெறும் காப்பியை இல்லை. சிக்கரி கலந்த டிகாக்ஷனின் கனத்தை, அந்த லேசான கருகல் இனிப்பை. கேப்சூல் எஸ்பிரெஸோவில் பெரும்பாலும் சிக்கரி இருக்காது. அதனால் முதல் வாய் குடித்ததும் "என்னமோ குறையுது" என்று தோன்றும். மெஷினை மாற்றினாலும் அந்தக் குறை போகாது.

இதற்கு மூன்று யோசனை சொல்கிறேன்.

ரோபஸ்டா என்கிற கனத்த காப்பிக்கொட்டை கலந்த, நன்றாக வறுத்த கேப்சூலாகப் பாருங்கள். அராபிகா மட்டும் இருக்கிற, பூ மணம் பழ மணம் என்று எழுதியிருக்கிற எதுவும் பாலில் காணாமல் போய்விடும். நெஸ்பிரெஸோவில் மாஸ்டர் ஒரிஜின் இந்தியா என்று ஒன்று உண்டு. மேற்குக் கடற்கரையில் மழைக்காற்றில் ஊறவிட்டுப் பதப்படுத்தும் மான்சூன் ரோபஸ்டா கலந்தது. காப்பியின் வீரியத்துக்கு அவர்கள் தரும் எண் 11. பாலுக்கு நிற்கும்.

இரண்டாவது, பால் காப்பிக்கு ஒரு கேப்சூல் போதாது. இரண்டு கேப்சூலை 25, 25 மி.லி. எடுத்து, 100 மி.லி. பால் ஊற்றுங்கள். கணக்குப் பார்த்தால் 11 கிராம் தூள், நம் ஃபில்டர் தம்ளருக்கு ஆகிற அளவுதான். செலவு இரண்டு மடங்கு என்பதையும் மறைக்காமல் சொல்லிவிடுகிறேன்.

மூன்றாவது, சிக்கரிப்பொடியை மட்டும் தனியாக வாங்கி, கொஞ்சம் வெந்நீரில் கெட்டியாக டிகாக்ஷன் இறக்கி, சின்ன பாட்டிலில் ஃபிரிஜ்ஜில் வையுங்கள். மூன்று நாளைக்கு மேல் வைக்க வேண்டாம். தம்ளருக்கு ஒரு டீஸ்பூன். வெளிநாட்டில் இருக்கும் வாடிக்கையாளர் இரண்டு பேருக்கு இதைச் சொல்லிக் கொடுத்தேன், இன்னும் செய்கிறார்கள்.

பால் நுரைக்கும் கருவி: வேண்டாம். அது பாலை 60, 65 டிகிரி வரைதான் சுடவைக்கும். கப்புச்சினோவுக்கு அது சரியான சூடு. உங்கள் மாமனாருக்கு அது ஆறின பால். அடுப்பில் பால் பொங்கட்டும், டபராவில் ஒரு ஆற்று ஆற்றுங்கள், நுரை தானாக வரும். அந்தக் காசில் கேப்சூல் வாங்குங்கள்.

———

தாமிரபரணி_79:

டோல்சே குஸ்டோ பற்றி யாரும் பேசவில்லையே? என் மச்சான் வீட்டில் இருக்கிறது, குழந்தைகளுக்குச் சாக்லேட்கூட அதில் வருகிறது.

———

லெமான்_ஏரி:

அதுவும் நெஸ்லேயின்ர தான், 2006ல வந்தது. பிள்ளையள் இருக்கிற வீட்டுக்கு நல்லம், சொக்கிலேட், தேத்தண்ணி எல்லாம் இருக்கு. ஆனால் பால் கோப்பி எண்டால் அதில கன வகைக்குப் பால்மாக் கேப்சூல் ஒண்டு, கோப்பிக் கேப்சூல் ஒண்டு, ரெண்டு போடவேணும். நல்ல பசும்பால் அடுப்பில இருக்கேக்க பால்மா ஏன்? கேப்சூல் பிளாஸ்டிக் வேற.

குப்பையைப் பற்றியும் கதைக்கவேணும், ஒருத்தரும் தொடேல்லை. ஒரிஜினல் கேப்சூல் ஒண்டில ஒரு கிராம் அளவில அலுமினியம் இருக்கு. வருசத்துக்கு 1460 எண்டால் ஒண்டரைக் கிலோ. அலுமினியத்தைத் திரும்பத் திரும்ப உருக்கிப் பாவிக்கலாம், ஆனால் அது சேருற இடத்துக்குப் போய்ச் சேரவேணும். இஞ்ச ஊருக்கு ஊர் சேகரிக்கிற பெட்டி இருக்கு. வெறும் குப்பைக்குள்ள போட்டால் அந்தப் புண்ணியம் இல்லை. ஜெர்மனியில ஹம்பேர்க் நகரசபை 2016ல தங்கட அலுவலகங்களுக்குக் கேப்சூல் வாங்கிறதையே நிப்பாட்டினது.

இஞ்ச மிக்ரோஸ் எண்ட சுப்பர்மார்க்கெட் கொம்பனி 2022ல காஃபி பி எண்டு ஒண்டு கொண்டு வந்தது. கேப்சூலே இல்லை, கோப்பித்தூளை உருண்டையா அமத்தி, கடற்பாசியில இருந்து எடுத்த மெல்லிய தோல் ஒண்டு மேல. குடிச்சு முடிய உருண்டையைப் பூஞ்சாடிக்குள்ள போடலாம். என்ர மூத்தவள் அதுதான் பாவிக்கிறாள். ருசி எனக்கு இன்னும் பிடிபடேல்லை, ஆனால் அந்த யோசினை எனக்கு நல்லாப் பிடிச்சிருக்கு.

நீங்கள் வாங்க முதல், உங்கட பக்கத்தில எங்க திருப்பிக் குடுக்கலாம் எண்டு கேட்டு வையுங்கோ. வழியில இல்லாட்டி ஒருத்தரும் கொண்டு போகமாட்டினம், நான் என்னையும் சேர்த்துத்தான் சொல்லுறன்.

———

காவிரிக்கரை:

அண்ணா, ஆர்ச்சர்டில் இருக்கும் நெஸ்பிரெஸோ கடையிலேயே வாங்கிக்கொள்கிறார்கள், பையும் கொடுக்கிறார்கள். கணவர் அலுவலகம் அங்கிருந்து இரண்டு நிறுத்தம்தான். கேட்டுவிட்டேன்.

இன்னும் ஒரு சந்தேகம். திரும்பத் திரும்ப நிரப்பிக்கொள்ளும் எவர்சில்வர் கேப்சூல் இணையத்தில் விற்கிறார்கள். அதில் நம் கும்பகோணம் பொடியையே போட்டால் செலவும் குறையும், குப்பையும் இல்லை, சிக்கரியும் வந்துவிடும். எல்லாக் கேள்விக்கும் ஒரே பதிலாக இருக்கிறதே?

———

பீபெரி:

எனக்கும் அப்படித்தான் தோன்றியது, வாங்கிப் பார்த்தேன். சிக்கரி 20 சதவீதம் கலந்த பொடியை அழுத்தி நிரப்பினால் மெஷின் முக்கி முனகிச் சொட்டுச் சொட்டாகத்தான் விடும். சிக்கரி தண்ணீரைக் குடித்து ஊதிக்கொள்ளும், ஓட்டை அடைத்துக்கொள்ளும். லேசாக நிரப்பினால் தண்ணீர் சல்லென்று ஓடி, வெளுத்த காப்பி வரும். சிக்கரி இல்லாத பொடியைக் கொஞ்சம் நைசாக அரைத்து, சமமாகத் தட்டி நிரப்பினால் ஓரளவு வரும். அதற்கும் ஒவ்வொரு முறையும் நிரப்ப வேண்டும், தேய்க்க வேண்டும். ஞாயிற்றுக்கிழமை செய்யலாம். 6.10க்குப் பேருந்து பிடிக்கிற உங்களுக்கு வேண்டாம்.

———

பம்பு_மெக்கானிக்:

அடைத்துக்கொண்டு பம்பு சூடேறி என்னிடம் வந்த மெஷின்கள் உண்டு. சிக்கரி கலந்த பொடியை உள்ளே விடவே வேண்டாம்.

எதை வாங்கினாலும் இதைக் கேட்டுக்கொள்ளுங்கள். காப்பி இறங்கியதும் கைப்பிடியைத் தூக்கிக் கேப்சூலைக் கீழே தள்ளிவிடுங்கள், உள்ளேயே விடக்கூடாது. கீழ்த் தட்டில் சேரும் கேப்சூலையும் தண்ணீரையும் தினம் கொட்டுங்கள். நம் ஊர் வெக்கையில் இரண்டே நாளில் பூஞ்சை பிடிக்கும், கரப்பான் வரும். எசென்ஸா மினியில் ஆறு கேப்சூல் போட்டாலே தட்டு நிறைந்துவிடும், அதனால் கொட்டித்தான் ஆகவேண்டும். டேங்க் 0.6 லிட்டர், அதையும் தினம் மாற்றுங்கள்.

தண்ணீர்தான் மெஷினைக் கொல்வது. சென்னையில் போர் தண்ணீரை ஊற்றி வருஷத்துக்குள் உள்குழாயில் சுண்ணாம்பு கல்லாகப் படிந்த மெஷின்களை அறுத்துப் பார்த்திருக்கிறேன். சிங்கப்பூர்க் குழாய்த் தண்ணீர் அவ்வளவு மோசமில்லை, உங்களுக்குக் கவலை குறைவு. ஆர்.ஓ. வைத்திருப்பவர்கள் கவனிக்க: எல்லா உப்பையும் எடுத்துவிட்ட தண்ணீரில் காப்பி சப்பென்று இருக்கும். காப்பித் தொழிலில் லிட்டருக்கு 150 மில்லிகிராம் கரைந்த உப்பு இருப்பதைத்தான் நல்ல தண்ணீர் என்பார்கள். ஆர்.ஓ.வில் அதைக் கூட்டி வைக்கிற திருகு இருந்தால் திருகிக்கொள்ளுங்கள்.

மூன்று மாதத்துக்கு ஒரு முறை சுண்ணாம்பு நீக்கும் திரவம் விடுங்கள். வினிகர் வேண்டாம். ரப்பர் வளையங்களுக்கு ஆகாது, அந்த வாடை போகவும் போகாது.

ஊருக்குப் போய் ஒரு மாதம் கழித்து வந்து பட்டனை அழுத்தினால் சத்தம் மட்டும் வரும், தண்ணீர் வராது. பயந்து கடைக்குத் தூக்காதீர்கள். பம்பில் காற்று அடைத்திருக்கும். டேங்க் நிறையத் தண்ணீர் ஊற்றி, கேப்சூல் இல்லாமல் கைப்பிடியைத் திறந்து வைத்தபடி இரண்டு மூன்று முறை ஓட்டுங்கள், பெரும்பாலும் பிடித்துக்கொள்ளும்.

———

வடக்குக்குளிர்:

சூட்டுக்கு ஒரு வழி. கேப்சூல் போடாமல் ஒரு முறை வெறும் வெந்நீரைத் தம்ளரில் இறக்கிக் கொட்டிவிட்டு, அதே தம்ளரில் காப்பி எடுங்கள். 40 மி.லி. காப்பி குளிர்ந்த எவர்சில்வரில் விழுந்தால் அரை நிமிடத்தில் ஆறிவிடும். இங்கே பனிக்காலத்தில் கற்றுக்கொண்டது.

———

காவிரிக்கரை (ஐந்து வாரம் கழித்து):

எல்லோருக்கும் நன்றி சொல்லவும், என்ன ஆயிற்று என்று சொல்லவும் வந்தேன்.

எசென்ஸா மினி வாங்கினோம். பால் கருவி சேர்ந்த செட்டைத் தொடவில்லை. அகலம் ஒரு சாணுக்கும் குறைவு, மிக்சிக்கும் சுவருக்கும் நடுவில் நுழைந்துவிட்டது. காலையில் 5.50க்குப் பாலை அடுப்பில் வைத்துவிட்டு மெஷினை அழுத்துகிறேன். அரை நிமிடத்துக்குள் சூடாகிவிடுகிறது. ஒரு முறை வெந்நீர், பிறகு இரண்டு ரிஸ்ட்ரெட்டோ. பால் பொங்கும்போது காப்பி தயார். 5.58க்கு உட்கார்ந்துவிடுகிறேன். ஜன்னலுக்கு வெளியே இன்னும் இருட்டாகத்தான் இருக்கும். யாரும் எழுந்திருக்க மாட்டார்கள். அந்தப் பத்து நிமிஷத்தை என்னவென்று சொல்வது!

மாமனார் வந்து மூன்று வாரம் ஆகிறது. முதல் நாள் இரண்டு கேப்சூல் போட்டுச் சுடச்சுடக் கொடுத்தேன். பாதி குடித்துவிட்டு, "நன்னாத்தான் இருக்கு, ஆனா இது ஹோட்டல் காப்பிம்மா" என்றார். பீபெரி அண்ணா சொன்ன மாதிரி மறுநாள் தேக்கா (லிட்டில் இந்தியா) பக்கம் போய்ச் சிக்கரிப்பொடி வாங்கிவந்து தனியாக டிகாக்ஷன் இறக்கி வைத்தேன். ஒரு டீஸ்பூன் விட்டுக் கொடுத்தேன். ஒன்றும் சொல்லவில்லை. தம்ளரைக் கவிழ்த்து வைத்தார், அவ்வளவுதான். அதன் பிறகு ஒன்றரை டீஸ்பூன் போடச் சொல்லிக் கேட்டார்.

மாலைக் காப்பி மட்டும் அவரே ஃபில்டரில் போடுகிறார். கொண்டுவந்த பொடி தீரும்வரை அவருடைய பொறுப்பு என்று சொல்லிவிட்டார். ஆகவே கேப்சூல் நாளைக்கு ஐந்து: எனக்கு இரண்டு, அவருக்குக் காலையில் இரண்டு, கணவருக்கு ஒன்று. சூப்பர்மார்க்கெட்டில் வேறு கம்பெனியின் கேப்சூல் விலை குறைவாக இருந்தது, இரண்டு வகை முயன்றதில் ஒன்று பாலுக்கு நன்றாகவே நிற்கிறது. கணவருக்கு மட்டும் பழைய கம்பெனியுடையதுதான் வேண்டுமாம். லெமான் ஏரி அண்ணா, ஒரிஜினல் வடிவம் எடுக்கச் சொன்னீர்களே, அது இப்போதுதான் நன்றாகப் புரிகிறது.

பித்தளை ஃபில்டர் ஐயா, காப்பித்தூளைக் கேப்சூலிலிருந்து மாமனார் விரலால் நோண்டி எடுத்துக் கறிவேப்பிலைத் தொட்டியில் போடுகிறார். காலித் தகடுகளை அலசிக் காயவைத்துப் பையில் கட்டி வைப்பதும் அவர்தான். முதல் பை போன வெள்ளிக்கிழமை ஆர்ச்சர்டுக்குப் போய்விட்டது.

மெக்கானிக் அண்ணா, ஒரு கேள்வி. இரண்டு நாளாகக் காப்பி இறங்கி முடிந்த பிறகும் மெஷின் மூக்கிலிருந்து நாலைந்து சொட்டு விழுந்துகொண்டே இருக்கிறது. இது இயல்பா?

———

பம்பு_மெக்கானிக்:

நாலைந்து சொட்டு என்றால் இயல்புதான், உள்ளே மிச்சமிருக்கும் அழுத்தம் இறங்குகிறது. கைப்பிடியைத் தூக்கிக் கேப்சூலைத் தள்ளியதும் நின்றுவிட வேண்டும். நிற்காமல் ஓடினால் கேப்சூல் உட்காருகிற இடத்தில் தூள் ஒட்டியிருக்கும். கேப்சூல் இல்லாமல் மூடி இரண்டு முறை வெந்நீர் விட்டுப் பார்த்துவிட்டுச் சொல்லுங்கள்.